மலை முகட்டு ராடாரும் வான்வெளிப் பாறைகளும்

நுவரெலியாவுக்குச் செல்வோர் பலர்; அங்கிருந்து கந்தப்பளை வரை செல்வோர் சிலரே. ஏப்ரல் மாதத்து வசந்தகாலக் கொண்டாட்டங்களையும், கிரகரி வாவியையும், விக்டோரியா பூங்காவையும் கண்டு களித்துத் திரும்பும் பிரயாணிகளுக்கு, ராகலை வீதியில் ஏறத்தாழ 10 கிலோமீட்டர் தொலைவில் இப்படியொரு சிற்றூர் உண்டு என்பது நினைவிலேயே இராது. நாம் சென்ற பஸ் வண்டி வளைந்து வளைந்து ஏறியது. ஒரு பக்கம் தேயிலை. மறு பக்கம் கரட், லீக்ஸ், உருளைக்கிழங்குப் பாத்திகள். இடையிடையே லயங்களின் தகரக் கூரைகளுக்கு மேலே அடுப்புப் புகை. கடல் மட்டத்துக்கு 6,000 அடிக்கு மேற்பட்ட உயரமாதலால் நண்பகலிலும் கம்பளிச் சட்டையைக் கழற்ற மனம் வருவதில்லை.

ஒரு காலத்தில் இங்கே புகையிரதமும் வந்தது. நானுஓயாவில் பிரிந்து நுவரெலியா, கந்தப்பளை வழியாக ராகலை வரை சென்ற அந்தக் குறுகிய பாதை 1904 ஆம் ஆண்டில் முழுமை பெற்று, 1940களில் மூடப்பட்டுவிட்டது. ஹெதர்செட் தோட்டத்தின் பழைய தேயிலைத் தொழிற்சாலையோ 1996 முதல் உல்லாச விடுதியாயிற்று. கொழுந்து வாடப்போட்ட மாடிகளில் இப்போது பிரயாணிகள் உறங்குகின்றனர். காலம் செய்யும் வேடிக்கைகளில் இதுவும் ஒன்று.

நாம் சொல்ல வந்த விஷயம் ஊரைப் பற்றியதன்று. ஊருக்கு மேற்கே நிற்கும் மலையைப் பற்றியது. மூடுபனி விலகும் நேரங்களில் பீதுருதாலகாலையின் முகடு அங்கே எழுந்து நிற்கிறது. 2,524 மீட்டர் உயரமுடைய அதுவே இலங்கையின் மிக உயர்ந்த சிகரம் என்பதைப் பள்ளிப் பிள்ளைகள் அனைவரும் அறிவர். 1982 இல் ரூபவாஹினி ஒளிபரப்புக்கெனக் கோபுரம் எழுந்ததும் அங்கேதான். ஆகாய விமானங்களின் போக்கைக் கண்காணிக்கும் ராடாரும் அங்கேதான் இருக்கிறது. ஆகையினால் உச்சி பாதுகாப்பு வலயமாக உள்ளது. நினைத்த மாத்திரத்தில் ஏறிப் பார்த்துவிட முடியாது. கீழே நின்று அண்ணாந்து பார்ப்பதோடு நாம் திருப்தியடைய வேண்டியதாயிற்று.

கடைத்தெருவில் தேநீர் அருந்திக்கொண்டிருந்தபோது, உயர்தர வகுப்பில் விஞ்ஞானம் பயிலும் மாணவர் ஒருவர் நம்மோடு பேச்சுக் கொடுத்தார். மலையைச் சுட்டிக்காட்டி, “ஐயா, அந்த ராடார் ஆகாயத்திலிருந்து விழுகின்ற கற்களையும் காட்டுமா?” என்று வினவினார். காட்டாது என்று ஒரு சொல்லில் விடை கூறிவிடலாம். ஆனால் அதே தத்துவத்தில் இயங்கும் வேறு ராடார்கள், கோடிக்கணக்கான கிலோமீட்டருக்கு அப்பால் சுழலும் பாறைகளைக் காட்டியிருக்கின்றன. எனவே விடையைச் சற்று விரித்தே உரைக்க நேர்ந்தது. அதையே வாசகர்களுக்கும் இங்கே தருகிறோம்.

முன்னாளில் விடியற்காலையில் பெரட்டுக்கு ஆட்களை அழைக்கத் தோட்டங்களில் தப்பு அடிப்பார்கள். தப்பின் ஓசை எதிர் மலையில் மோதி மீண்டும் வந்து கேட்கும். ஓசை ஒரு வினாடியில் ஏறத்தாழ 340 மீட்டர் செல்வதால், எதிரொலி ஒரு வினாடி கழித்து வந்தால் எதிர் மலை 170 மீட்டர் தூரத்தில் இருக்கிறது என்று கணக்கிட்டுக்கொள்ளலாம். நூலும் அளவுகோலும் இன்றி மலையை அளந்தாயிற்று. ராடார் செய்வதும் இதுவேயன்றி வேறில்லை. ஓசைக்குப் பதில் வானொலி அலை. அது வினாடிக்கு 3 இலட்சம் கிலோமீட்டர் பாய்வது. கந்தப்பளையிலிருந்து ஓர் அலையை ஏவினால் அது பீதுருதாலகாலையில் பட்டுத் திரும்ப, ஒரு வினாடியின் 30,000 இல் ஒரு பங்கு நேரமே பிடிக்கும்.

விமானங்களைக் கண்காணிப்பதில் ஒரு வசதியுண்டு. இக்கால விமானங்களில், ராடார் கேள்வி கேட்டால் தன் பெயரையும் உயரத்தையும் மறுமொழியாகக் கூறும் கருவி பொருத்தப்பட்டிருக்கிறது. விண்பாறையோ வாய் திறவாது. அதன் மேல் பட்டுச் சிதறும் அலையில் நமது திசைக்குத் திரும்பும் அற்பத் துணுக்கையே கேட்டாக வேண்டும். அத்துடன் பொல்லாத கணக்கொன்றும் குறுக்கே நிற்கிறது: தூரம் இரு மடங்கானால் எதிரொலியின் வலிமை 16 இல் ஒரு பங்காகக் குறையும், பத்து மடங்கானால் 10,000 இல் ஒரு பங்காகும். சில நூறு கிலோமீட்டருக்குள் விமானங்களைத் தேடும் ராடார் சந்திரனைக்கூட எட்டமுடியாமற் போவதன் காரணம் இதுதான்.

ஆயினும் மனிதன் விடுவதாயில்லை. இரண்டாம் உலக யுத்தம் முடிந்து சில மாதங்களே சென்ற நிலையில், 1946 ஜனவரி 10 ஆம் திகதி அமெரிக்க இராணுவப் பொறியியலாளர்கள் நியூ ஜேர்சியிலிருந்து சந்திரனை நோக்கி வானொலி அலையைச் செலுத்தினர். இரண்டரை வினாடி கழித்து எதிரொலி வந்தது. 1961 இல் வெள்ளிக் கிரகத்திலிருந்தும் எதிரொலி கிடைத்தது. அதன் பயனாகப் பூமிக்கும் சூரியனுக்கும் இடையிலுள்ள தூரத்தை அதுவரை இல்லாத துல்லியத்துடன் கணிக்க முடிந்தது. புதன் கிரகம் சூரியனுக்கு எப்போதும் ஒரே முகத்தைக் காட்டியபடி 88 நாளுக்கு ஒருமுறை தன்னைத்தானே சுற்றுகிறது என்று பாடநூல்கள் நெடுங்காலமாகக் கூறிவந்தன. 1965 இல் அரசிபோ ராடார் அது 59 நாள் என்று திருத்திற்று. பாடநூலைத் திருத்தும் எதிரொலி என்றால் மாணவர்களுக்கு அதன்மீது தனி அன்பு பிறக்கும் அல்லவா! சிறுகோள்களில் முதன்முதலாக ராடாருக்கு அகப்பட்டது இக்காரஸ்; ஆண்டு 1968.

தூரம் தெரிந்துவிட்டது; உருவம் தெரிவது எவ்வாறு? இங்கேதான் நமது பழைய புகையிரதம் உதவிக்கு வருகிறது. ஊதிக்கொண்டே நம்மை நெருங்கும் வண்டியின் ஊதல் கீச்சென்று உயர்ந்தும், கடந்து சென்றபின் தாழ்ந்தும் கேட்கும். சுழலும் சிறுகோளிலும் இதுவே நிகழ்கிறது. அதன் ஒரு பக்கம் நம்மை நோக்கி வருகிறது. அங்கிருந்து வரும் எதிரொலி சிறிது உயர்ந்த அதிர்வுடையது. மறு பக்கம் விலகிச் செல்கிறது. அங்கிருந்து வருவது சிறிது தாழ்ந்தது. பாறையின் முன்பகுதியில் பட்ட அலை முந்தியும், பின்பகுதியில் பட்டது பிந்தியும் வந்து சேரும். இவ்விரு வேற்றுமைகளையும் நிலையும் கிடையுமாக வைத்துக் கட்டம் கட்டினால் பாறையின் உருவம் மெல்ல மெல்லத் துலங்குகிறது. கண்ணால் காணாத ஒன்றைக் காதால் கேட்டுச் சித்திரம் தீட்டுவது என்று இதைச் சொல்லலாம். மிகச் சிறந்த தொலைநோக்கிகளுக்கும் வெறும் ஒளிப்புள்ளியாகவே தெரிந்த கஸ்டாலியா என்னும் சிறுகோள், 1989 இல் ஸ்டீவன் ஒஸ்ட்ரோவும் அவரது குழுவினரும் எடுத்த ராடார் படத்தில், இரண்டு உருண்டைகள் ஒட்டிக்கொண்டது போன்ற வடிவத்தில் தோன்றியது.

இப்படித் தீட்டிய சித்திரம் மெய்தானா என்று ஐயுறுவோர் இருக்கலாம். பெனு என்னும் சிறுகோளின் வடிவத்தை 1999 இலும் 2005 இலும் ராடார் எதிரொலிகளைக் கொண்டே அறிஞர்கள் வரைந்து வைத்தனர். நடுவில் பருத்து இரு முனைகளிலும் ஒடுங்கிய பம்பரம் போன்றது என்பது அவர்கள் முடிவு. 2018 டிசம்பரில் விண்கலம் அருகிற் சென்று பார்த்தபோது பெனு அவ்வாறே பம்பரமாகச் சுழன்றுகொண்டிருந்தது! 2023 செப்டெம்பரில் அதன் மண்ணும் பூமிக்கு வந்து சேர்ந்தது.

இந்தக் கதையில் இலங்கைக்கும் ஒரு பங்கு உண்டு என்பதைப் பலர் மறந்துவிட்டனர். யுத்த காலத்தில் பிரித்தானிய விமானப்படையில் ராடார் துறையில் பணியாற்றிய ஆர்தர் சி. கிளார்க், 1956 இல் இங்கு குடியேறி, 2008 மார்ச்சில் கொழும்பில் காலமாகும் வரை இந்நாட்டையே தமது இல்லமாகக் கொண்டிருந்தார். 1973 இல் வெளியான ‘ராமாவுடன் சந்திப்பு’ என்னும் அவரது நாவலில், ஒரு விண்கல் இத்தாலியைத் தாக்கிப் பேரழிவு விளைவிக்கிறது. அதன்பின் உலக மக்கள் சேர்ந்து, வரும் பாறைகளை முன்கூட்டியே கண்டறியும் காவல் ஏற்பாடொன்றை நிறுவுகின்றனர். அதற்கு அவர் இட்ட பெயர் ‘ஸ்பேஸ்கார்ட்’. நம் மொழியில் ‘விண்காவல்’ எனலாம். 1992 இல் அமெரிக்க விண்வெளி நிறுவனத்துக்கென விஞ்ஞானிகள் மெய்யாகவே அத்தகைய காவலுக்குத் திட்டம் வகுத்தபோது, அந்தப் பெயரையே எடுத்துக்கொண்டனர். கதைப் பெயர் காரியப் பெயராயிற்று. சிறுகோள் ஒன்றுக்கும் கிளார்க் என்று பெயர் சூட்டப்பட்டுள்ளது. அதன் எண் 4923. மொறட்டுவையில் அவர் பெயர் தாங்கிய நிறுவனத்தில், ஜப்பான் அன்பளிப்புச் செய்த 45 சென்ரிமீட்டர் தொலைநோக்கி ஒன்றும் உண்டு.

கந்தப்பளைக் குடும்பங்கள் பலவற்றுக்கு நீலகிரியில் உறவினர் இருக்கின்றனர். 1964 ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தின் விளைவாகக் கடல் கடந்து சென்று, மறுபடியும் தேயிலை மலையிலேயே குடியேறியவர்கள் அவர்கள். அந்த உறவினரைக் காண உதகமண்டலம் செல்வோர், அருகே முத்தொரையில் 530 மீட்டர் நீளமும் 30 மீட்டர் அகலமும் உடைய வானொலித் தொலைநோக்கியைத் தவறாது பார்த்து வரவேண்டும். கோவிந்த் ஸ்வரூப் தலைமையில் 1970 இல் கட்டி முடிக்கப்பட்டது. பூமியின் அச்சுக்கு இணையாக இருக்கும்படி மலைச் சரிவையே தேர்ந்தெடுத்து அமைத்த சாமர்த்தியத்தை மெச்சாமல் இருக்க முடியாது. ஆனால் அது கேட்கும் காது மட்டுமே. கூவும் வாய் அதற்கு இல்லை. கூவிக் கேட்கும் கருவியை இந்தியர் சந்திரனுக்கே அனுப்பியிருக்கின்றனர். கோவை மாவட்டத்துக் கிராமமொன்றில் பிறந்த மயில்சாமி அண்ணாதுரை திட்ட இயக்குநராக இருந்த சந்திரயான்-1, 2008 இல் அமெரிக்க ராடார் ஒன்றைச் சுமந்து சென்று, சூரிய ஒளி படாத துருவப் பள்ளங்களில் பனிக்கட்டி உண்டா என்று துழாவிற்று.

இத்தனை பிரயாசை எதற்காக என்று கேட்கலாம். மலைநாட்டு மக்களுக்கு இதை விளக்குவது எளிது. அடைமழைக் காலத்தில் மண்சரிவு எச்சரிக்கை வருகிறது. லயத்தை விட்டுப் பிள்ளை குட்டிகளுடன் பாடசாலைக் கட்டடத்துக்கோ கோவிலுக்கோ செல்கிறார்கள். அங்கே பாய் விரித்துப் படுத்திருக்கும் ஒவ்வொருவர் மனத்திலும் எழும் கேள்வி ஒன்றே: எப்போது திரும்பிப் போகலாம்? எச்சரிக்கை விடுவதற்குச் சந்தேகமே போதும். அதை விலக்கிக்கொள்வதற்கோ நிச்சயமான அறிவு வேண்டும். விண்பாறைகளின் விஷயத்தில் அந்த நிச்சயத்தைத் தருவதில் ராடாருக்கு நிகர் அரிது.

2004 ஜூனில் அரிசோனாவிலிருந்து கண்டுபிடிக்கப்பட்ட அபோபிஸ் என்னும் சிறுகோளின் வரலாறே இதற்குச் சான்று. அதன் குறுக்களவு ஏறத்தாழ 340 மீட்டர். கொழும்புத் தாமரைக் கோபுரத்தின் உயரத்தை ஒத்தது. அவ்வாண்டு டிசம்பரில் அதன் பாதையைக் கணித்தவர்கள் திடுக்கிட்டனர். 2029 ஏப்ரல் 13 ஆம் திகதி அது பூமியில் மோதக்கூடும் என்று கணக்குக் காட்டிற்று. அபாய அளவுகோலில் 4 ஆம் படியை அது தொட்டது. வேறு எந்தச் சிறுகோளும் இன்று வரை தொடாத படி அது. டிசம்பர் 27 இல் மோதலின் சாத்தியம் 37க்கு 1 என்றாயிற்று.

அந்த டிசம்பர் எத்தகையது என்பதை இலங்கை வாசகர்களுக்கு நாம் நினைவூட்ட வேண்டியதில்லை. 26 ஆம் திகதி காலை சுமாத்திராவுக்கு அப்பால் கடலடி நிலம் அதிர்ந்தது. ஏறத்தாழ இரண்டு மணி நேரத்தில் ஆழிப்பேரலை நமது கிழக்குக் கரையை அடைந்தது. அந்த இரண்டு மணி நேரத்தைப் பயன்படுத்த எவருக்கும் வழியில்லாமற் போயிற்று. இந்நாட்டில் மாத்திரம் 30,000க்கு மேற்பட்டோர் மாண்டனர். ஒரே வாரத்தில், 25 ஆண்டுக்குப் பின் வரக்கூடும் என்ற ஆபத்தை விஞ்ஞானிகள் கணித்துக்கொண்டிருந்தனர். வந்தேவிட்ட ஆபத்தைக் கரையோரத்து மக்களுக்குச் சொல்ல ஒரு குரல் இல்லை. இவ்விரண்டையும் அருகருகே வைத்து எண்ணும்போது நெஞ்சு கனக்கிறது.

அபோபிஸ் பற்றிய அச்சம் படிப்படியாக நீங்கிற்று. 27 ஆம் திகதியே, மார்ச் மாதத்தில் எடுத்து வைத்திருந்த பழைய படங்களில் அது அகப்பட்டதால் 2029 இல் மோதாது என்பது தெளிவாயிற்று. ஆனால் அருகிற் கடக்கும்போது பூமியின் ஈர்ப்பினால் அதன் பாதை வளையுமாதலால், 2036 இலும் 2068 இலும் என்னவாகும் என்ற கேள்வி எஞ்சியது. 2005 ஜனவரியில் அரசிபோ ராடார் அதைத் தட்டிப் பார்த்துப் பாதையைத் திருத்திற்று. 2013 இல் 2036க்கான அபாயம் அகன்றது. 2021 மார்ச்சில், கலிபோர்னியாவின் கோல்ட்ஸ்டோனிலுள்ள 70 மீட்டர் வானலைக் கிண்ணம் அலையை ஏவ, அந்நாட்டின் மறு கோடியிலுள்ள கிறீன் பாங்க் தொலைநோக்கி எதிரொலியைக் கேட்டது. போய்வர ஏறத்தாழ இரண்டு நிமிடம். தூரம் 1 கோடி 70 இலட்சம் கிலோமீட்டர். அதை அளந்ததில் பிழை 150 மீட்டரளவே. கந்தப்பளைக்கும் கொழும்புக்கும் நேர்கோட்டில் உள்ள தூரத்தை ஒரு மில்லிமீட்டர் பிழையோடு அளப்பதற்கு இது சமம். இன்னும் 100 ஆண்டுக்கேனும் அபோபிஸால் பூமிக்கு மோதல் அபாயம் இல்லை என்ற அறிவித்தல் அதன் பின்னரே வெளியாயிற்று. பாயைச் சுருட்டிக்கொண்டு லயத்துக்குத் திரும்பலாம் என்று சொன்னது போல.

பாறையைத் தள்ளிவிடவும் மனிதன் பழகி வருகிறான். 2022 செப்டெம்பர் 26 இல் டார்ட் என்னும் விண்கலம் டைமோர்பொஸ் என்ற சிறு பாறை மீது வேண்டுமென்றே மோதிற்று. 11 மணி 55 நிமிடத்தில் தன் பெரிய துணையைச் சுற்றிவந்த அது, அதன்பின் ஏறத்தாழ அரைமணி நேரம் முந்திச் சுற்றத் தொடங்கியது. இதை உறுதி செய்ததிலும் ராடாருக்குப் பங்கு இருந்தது.

ஒன்றைச் சொல்லும்போது வருத்தமே மேலிடுகிறது. போட்டோ றிக்கோத் தீவின் மலைப் பள்ளமொன்றில் 1963 முதல் விரிந்து கிடந்த அரசிபோவின் 305 மீட்டர் கிண்ணம், 2020 டிசம்பர் 1 இல் தொங்குமேடை அறுந்து வீழ்ந்ததால் நொறுங்கிப் போயிற்று. அதற்கு ஈடான வலிமையுள்ள விண்பாறை ராடார் வேறு இருந்ததில்லை. அதன் பாரம் பெரும்பாலும் கோல்ட்ஸ்டோன் மேல் விழுந்தது. சீனர் சொங்கிங் நகரில் பல கிண்ணங்களைச் சேர்த்துப் புதிய ராடார் அமைக்க முற்பட்டுள்ளனர். ஆட்டிலறி, விமானம், புயல், எல்லை என்று எத்தனையோ காரியங்களுக்கு ராடார் வாங்கும் உலகம், வானத்துப் பாறைகளுக்கென்று வைத்திருப்பவற்றை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

2029 ஏப்ரல் 13 ஆம் திகதி இரவு, சித்திரைப் புத்தாண்டை அண்டிய அந்த இரவில், அபோபிஸ் பூமியின் மேற்பரப்புக்கு 32,000 கிலோமீட்டர் தூரத்துக்குள் வந்து கடந்து செல்லும். 1945 இல் கிளார்க் எடுத்துக்காட்டிய தொலைத்தொடர்புச் செயற்கைக் கோள்களின் பாதை, பூமிக்கு ஏறத்தாழ 36,000 கிலோமீட்டர் மேலே உள்ளது. அதற்கும் கீழே இறங்கி இந்தப் பாறை செல்லப் போகிறது! இலங்கை நேரப்படி மிக அண்மித்த கணம் 14 ஆம் திகதி அதிகாலை 3 மணி 16 நிமிடமளவில். அப்போது அது அத்திலாந்திக் சமுத்திரத்துக்கு மேலே சென்றிருக்கும். ஆனால் அதற்கு முன்னர், முன்னிரவிலே, அவுஸ்திரேலியாவிலிருந்து ஆபிரிக்காவை நோக்கி இந்து சமுத்திரத்தின் மேலாக அது மேற்கே நகரும். மங்கிய நட்சத்திரம் போன்றே தெரியுமாதலால், நகர விளக்குகள் இல்லாத தோட்டப்புறமே பார்ப்பதற்கு உகந்தது. கையில் பைனாக்குலர் ஒன்று இருந்தால் இன்னும் நலம். ஏப்ரல் மாதத்தில் மலைநாட்டில் பிற்பகலில் இடியுடன் மழை பெய்வது வழக்கம். இரவில் வானம் வெளிப்பதும் உண்டு. கந்தப்பளைக் கடைத்தெருவில் நின்றால் பீதுருதாலகாலை மேற்கை மறைத்துவிடும். மேற்கும் தெற்கும் திறந்திருக்கும் உயரமான தேயிலை மலை ஒன்றை முதல் நாள் பகலிலேயே பார்த்து வைத்துக்கொண்டு, போர்வையும் சுடுநீர்ப் போத்தலும் எடுத்துச் செல்ல வேண்டும்.